ஏழு மணிச் செய்தியில் பத்மினி பிரகாஷ்

தொலைக்காட்சியில் செய்தி வாசிக்கிறவரைப் பற்றி நமக்கு ஒன்றும் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டும் என்றும் தோன்றுவதில்லை. இங்கே மலேசியாவில், ஈப்போவை அடுத்த குனோங் ராபாட்டில் சுண்ணாம்புக் குன்றுகளை ஒட்டிய ஒரு தாமான் வீட்டில் ஆர்டிஎம் தமிழ்ச் செய்தியோ பெர்னாமா தமிழ்ச் செய்தியோ ஓடிக்கொண்டிருக்கும்போது, வாசிப்பவர் எந்தத் தோட்டத்தில் பிறந்தவர், கல்யாணம் ஆனவரா, பிள்ளைகள் எத்தனை என்று யாரும் விசாரிப்பதில்லை. இத்தனைக்கும், கல்யாண மண்டபத்தில் பக்கத்து நாற்காலியில் புதிதாக ஒருவர் வந்து உட்கார்ந்தால் சாப்பாட்டு இலை போடுவதற்குள் அவரிடம் இவ்வளவையும் கேட்டு முடித்துவிடுகிறவர்கள் நாம். செய்தி வாசிக்கிறவரிடம் மட்டும் நாம் எதிர்பார்ப்பது வேறு: சிம்பாங் பூலாய் பக்கம் என்ன விபத்து, எந்தத் தமிழ்ப்பள்ளிக்கு மானியம் வந்தது, நாளைக்கு மழை உண்டா. தன்னைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லாமல் ஊருக்கெல்லாம் வேண்டியவராகிவிட முடிகிற தொழில்கள் உலகத்தில் குறைவு. அந்த வாய்ப்பின் அருமை, நினைவு தெரிந்த நாளிலிருந்து தன்னைப் பற்றியே பிறருக்கு விளக்கம் சொல்லிச் சலித்துப்போனவர்களுக்குத்தான் முழுமையாகப் புரியும். கோயம்புத்தூர் பத்மினி பிரகாஷின் தொழில் வாழ்க்கையை இந்தப் பக்கத்திலிருந்து பார்க்க வேண்டும் என்பது என் எண்ணம். அவர் எப்படிப்பட்ட துன்பங்களைத் தாண்டி வந்தார் என்ற கதை பல முறை சொல்லப்பட்டுவிட்டது. அவர் எந்த நாற்காலியில் உட்கார்ந்தார் என்பதைப் பற்றித்தான் போதுமான அளவு யோசிக்கவில்லை.

2014 ஆகஸ்ட் 15, இந்தியச் சுதந்திர நாள். அன்று மாலை ஏழு மணிக்குக் கோவையிலிருந்து இயங்கிய லோட்டஸ் செய்தித் தொலைக்காட்சியில் பத்மினி பிரகாஷ் முதன்முதலாகச் செய்தி வாசித்தார். அப்போது அவருக்கு வயது 31. அதற்குப் பிறகு நாள்தோறும் ஏழு மணிச் சிறப்புச் செய்தி அவர் கைக்கு வந்தது. இந்தியாவில் தினமும் தொலைக்காட்சிச் செய்தி வாசிக்கும் முதல் திருநங்கை என்று நாளேடுகள் எழுதின. சரியாக நான்கு மாதங்களுக்கு முன்பு, ஏப்ரல் 15ஆம் தேதி, இந்திய உச்ச நீதிமன்றம் நால்சா (தேசியச் சட்டப் பணிகள் ஆணையம்) வழக்கில் தீர்ப்பு அளித்திருந்தது. ஆண், பெண் என்ற இரண்டுக்கும் அப்பால் மூன்றாம் பாலினத்தைச் சட்டம் ஏற்க வேண்டும், தன் பாலினம் எது என்று சொல்லும் உரிமை அவரவருக்கே உண்டு என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். பத்மினியின் வாழ்க்கை அதற்கு முந்தைய காலத்தில் நடந்தது. பதின்மூன்று வயதில் குடும்பம் அவரைக் கைவிட்டது. பி.காம். படிப்பில் சேர்ந்து இரண்டாம் ஆண்டோடு நிறுத்த வேண்டியதாயிற்று. பரதநாட்டியம் கற்றார், கற்றுக்கொடுத்தார், திருநங்கைகளுக்கான அழகுப் போட்டிகளில் கலந்துகொண்டார், ஒரு தொலைக்காட்சித் தொடரிலும் நடித்தார். கடைசியில் சொன்ன தொடர்தான் இங்கே முக்கியம்.

தமிழ்த் தொலைக்காட்சியில் செய்தி வாசிப்பு என்பது பலருக்கு முதல் படி. பாத்திமா பாபு தூர்தர்ஷனில் வாசித்துப் பெயர் பெற்று, சின்னத்திரைக்கும் சினிமாவுக்கும் போனார். பிரியா பவானிசங்கர் புதிய தலைமுறையில் வாசித்தார், தொடரில் நடித்தார், 2017இல் 'மேயாத மான்' மூலம் கதாநாயகியானார். இலங்கையில் சக்தி தொலைக்காட்சியில் செய்தி வாசித்த லாஸ்லியா 2019 பிக்பாஸ் வழியாகத் திரைப்படத்துக்குச் சென்றார். செய்தியிலிருந்து நடிப்பு என்பதுதான் வழக்கமான பாதை, அதில் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. பத்மினியோ எதிர்த்திசையில் வந்தவர். நடிப்பிலிருந்து செய்திக்கு. ஏன் இந்தத் திசை என்று கேட்டால், அந்த நாளில் தமிழ்த் திரை ஒரு திருநங்கைக்கு எந்தெந்த இடங்களை வைத்திருந்தது என்று பார்க்க வேண்டும். சினிமாவில் பெரும்பாலும் கேலிக்கு ஒரு பாத்திரம். பத்மினி செய்தி வாசிக்கத் தொடங்கிய ஐந்தாம் மாதம், 2015 பொங்கலுக்கு, ஷங்கரின் 'ஐ' வந்தது. அதில் வரும் திருநங்கைப் பாத்திரம் தங்களை இழிவுபடுத்துகிறது என்று சென்னையில் திருநங்கைகள் போராட்டம் நடத்தினார்கள். கோடிக்கணக்கில் செலவழித்து எடுத்த அந்தப் படமும், கோவையின் சிறிய நிலையம் ஒன்றின் ஏழு மணிச் செய்தியும் ஒரே மொழியில், ஒரே பருவத்தில், ஒரே மக்களுக்காகத் திரையில் ஓடின.

சினிமாவைவிடக் கண்ணியமான இடமும் ஒன்று இருந்தது என்பதை மறுக்கவில்லை. 2008இல் விஜய் தொலைக்காட்சியில் 'இப்படிக்கு ரோஸ்' தொடங்கியது. ரோஸ் வெங்கடேசன் ஒரு திருநங்கையாக, தன் பெயரிலேயே, நிகழ்ச்சி நடத்தினார். வீட்டுக் கூடத்தில் பேசத் தயங்கும் விஷயங்களைத் திரையில் பேச வைத்தார். அது துணிச்சலான வேலை, அது இல்லாமல் பத்மினிக்கு வழி திறந்திருக்காது. ஆனாலும் பேச்சு நிகழ்ச்சி என்பது நடத்துகிறவரின் ஆளுமையை வைத்து ஓடுவது. அவர் யார் என்பதுதான் நிகழ்ச்சியின் ஈர்ப்பு. செய்தி வாசிப்பில் அந்தக் கணக்கே கிடையாது. அங்கே வாசிப்பவர் யார் என்பது பேசுபொருளாக முடியாது. அப்படி ஆகிவிட்டால் அது செய்தியே இல்லை. சமூகம் ஒருவரை ஏற்றுக்கொண்டதற்கு அடையாளம், அவர் தன்னைப் பற்றிப் பேச மேடை கிடைப்பது என்று நாம் எண்ணிக்கொண்டிருக்கிறோம். அதற்கு மேலே இன்னொரு படி இருக்கிறது. தன்னைப் பற்றிப் பேசாமல் இருக்கும் உரிமை கிடைப்பது. காய்கறி விலையையும் சிறுவாணி அணையின் நீர்மட்டத்தையும் ஒரு திருநங்கை சொல்ல, கேட்கிறவர்கள் விலையையும் நீர்மட்டத்தையும் மட்டும் மனத்தில் வாங்கிக்கொண்டு எழுந்து போகிறார்கள் என்றால், அங்கே நடந்திருப்பது எந்தப் பாராட்டு விழாவையும்விடப் பெரியது.

இந்த வேலையைச் சற்றுக் கிட்டே போய்ப் பார்ப்போம். கேமராவுக்கு முன்னால் உள்ள கண்ணாடியில் எழுத்துகள் கீழிருந்து மேலே நகரும். ஒரு நேரத்தில் சில வரிகள்தான் கண்ணுக்குத் தெரியும். வாக்கியத்தின் முடிவு தெரியாமலே அதன் தொடக்கத்தைச் சரியான தொனியில் எடுக்க வேண்டும். காதுக்குள் தயாரிப்பாளரின் குரல் வேறு ஓடிக்கொண்டிருக்கும்: அடுத்த காட்சி இன்னும் தயாராகவில்லை, பத்து வினாடி இழுங்கள், மூன்றாவது செய்தியை விட்டுவிடுங்கள். முகத்தில் எதுவும் தெரியக்கூடாது. மரணச் செய்தியிலிருந்து விளையாட்டுச் செய்திக்குப் போகும்போது குரல் மாற வேண்டும், மாறியது வெளியே தெரியக்கூடாது. ல, ள, ழ மூன்றும் தத்தம் இடத்தில் நிற்க வேண்டும். பெரியநாயக்கன்பாளையமும் கவுண்டம்பாளையமும் அடுத்தடுத்து வந்தால் மூச்சை எங்கே எடுப்பது என்று முன்பே முடிவு செய்திருக்க வேண்டும். நம் ஊர்ச் செய்தியில் பாகான் டத்தோவும் தெலுக் இந்தானும் தாப்பாவும் ஒரே வரியில் வந்தால் என்ன பாடோ, அதே பாடுதான். முதல் நாள் தனக்கிருந்த பயத்தைப் பற்றிப் பத்மினி பேசியபோதும் இதைத்தான் சொன்னார்: கவனம் சிதறக்கூடாது, உச்சரிப்பு தெளிவாக இருக்க வேண்டும். புதிதாக அந்த மேசைக்கு வருகிற யாருக்கும் இருக்கும் பயம்தான் அது.

ஆனால் அவருடைய குரலுக்கு இன்னொரு பாரமும் இருந்தது. பருவ வயதில் ஆண்மை ஹார்மோன் குரல் நாண்களைத் தடிக்கச் செய்கிறது. பிற்காலத்தில் பெண்மை ஹார்மோன் எடுத்துக்கொண்டாலும் அந்தத் தடிப்பு குறைவதில்லை. மற்ற மாற்றங்கள் உடம்பில் நிகழலாம், குரல் மட்டும் பழைய இடத்திலேயே நிற்கும். பெரும்பாலும் பயிற்சியால்தான் அதை வசப்படுத்த முடியும். கடைத்தெருவிலும் பேருந்திலும் ஒரு திருநங்கையை மற்றவர்கள் திரும்பிப் பார்ப்பது பெரும்பாலும் அவர் வாய் திறந்த பிறகுதான். வாடகைக்கு வீடு கேட்டுத் தொலைபேசியில் பேசும்போதும் அந்தக் குரல்தான் குறுக்கே வந்து நிற்கிறது. எந்தக் குரலுக்காக ஊர் ஒருவரை ஒதுக்கியதோ, அந்தக் குரலையே முதலாகப் போட்டுச் செய்கிற தொழிலுக்கு அவர் வந்திருக்கிறார் என்பதைக் கவனிக்க வேண்டும். இதில் தமிழ்க் காதுக்கு ஒரு பழக்கமும் கைகொடுத்திருக்கும் என்று நினைக்கிறேன். டெல்லி ஆகாசவாணியிலிருந்து முப்பது ஆண்டுகளுக்கு மேல் தமிழ்ச் செய்தி வாசித்த சரோஜ் நாராயணசுவாமியின் குரல் கனத்த, கம்பீரமான குரல். மென்மையாகக் கொஞ்சுகிற குரல் அல்ல அது. 2022இல் அவர் மறைந்தபோது எத்தனை பேர் அந்தக் குரலை நினைத்து உருகினார்கள்! பெண் குரல் என்றால் மெல்லியதாகத்தான் இருக்க வேண்டும் என்ற விதியைச் செய்திக்காக நாம் எப்போதோ தளர்த்திவிட்டோம். தெளிவும் நம்பிக்கையும் இருந்தால் போதும் என்று ஏற்றுக்கொண்டோம்.

இதற்கு எதிராகச் சொல்லக்கூடியவை உண்டு. முதலாவது: அவர் திருநங்கை என்பதாலேயே அவருக்கு அந்த விளம்பரம் கிடைத்தது; உலகச் செய்தி நிறுவனங்கள் கோவைக்கு வந்தது செய்தி வாசிப்பைப் பார்க்க அல்ல, திருநங்கையைப் பார்க்க; அப்படியிருக்க, அவருடைய அடையாளம் பின்னுக்குப் போய்விட்டது என்று எப்படிச் சொல்லலாம்? நியாயமான கேள்வி. முதல் வாரத்தைப் பொறுத்தவரை இதற்கு மறுப்பே இல்லை. நிலையத்துக்கும் அது நல்ல விளம்பரம்தான். ஆனால் தினச் செய்தியின் இயல்பு வேறு. சாதனையாளர் பேட்டி ஒரு நாளோடு முடிந்துபோகும். ஏழு மணிச் செய்தி மறுநாளும் வரும், அதற்கு மறுநாளும் வரும். ஒரே முகம் ஒரே நேரத்தில் மாதக்கணக்கில் வந்துகொண்டிருந்தால் வியப்பு நீடிக்க முடியாது. வெளியூர்ப் பத்திரிகையாளர்கள் எழுதிவிட்டுப் போன பிறகும் கோவையில் இருக்கிறவர் செய்தி கேட்டாக வேண்டும், அவருக்கு அன்றைய மின்தடை நேரம் தெரிய வேண்டும். டெல்லியிலோ சென்னையிலோ பெரிய அலைவரிசை ஒன்றில் இது நடந்திருந்தால் இந்த அளவு பயன் விளைந்திருக்காது என்பதும் என் துணிபு. பெரிய அலைவரிசையில் தோன்றுகிறவர் பார்வையாளருக்கு எட்டாத் தூரத்தில் இருக்கிறவர். உள்ளூர் நிலையத்தில் வாசிக்கிறவர் மறுநாள் காலை அதே ஊரில் காய்கறி வாங்குகிறவர். நேற்று ஏழு மணிக்குக் கேட்ட குரல் இன்று கடையில் சில்லறை கேட்கும்போது, ஊர் பழக வேண்டிய அளவுக்குப் பழகிக்கொள்கிறது.

இரண்டாவது மறுப்பு இன்னும் கடுமையானது. ஒருவர் செய்தி வாசித்துவிட்டால் மற்றவர்களுக்கு என்ன ஆயிற்று? 2011 இந்திய மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஆண், பெண் அல்லாத பிரிவில் பதிவானவர்கள் ஏறத்தாழ 488,000 பேர்; தமிழ்நாட்டில் மட்டும் 22,000 பேருக்கு மேல். அவர்களில் மிகப் பலருக்கு இன்றைக்கும் நிலையான வருமானம் கிடையாது. 2008லேயே திருநங்கைகளுக்கு நலவாரியம் அமைத்த மாநிலம் தமிழ்நாடு, இருந்தும் நிலைமை அதுதான். ஒரு நாற்காலியால் இதைச் சரிசெய்துவிட முடியும் என்று நான் வாதிடவில்லை. அந்த நாற்காலி அடுத்தவருக்கும் காலியாக வேண்டும், அதற்கு அடுத்தவருக்கும். பிற ஊர்களில் அது நடந்தது. 2018 மார்ச்சில் லாகூரின் கோஹினூர் செய்தி நிலையத்தில் மார்வியா மாலிக் வாசித்தார். 2019இல் கேரளத்தின் கைரளி நியூஸில் ஹெய்தி சாதியா செய்தியாளரானார். 2021 மார்ச் 8, பெண்கள் தினத்தன்று, பங்களாதேஷின் போய்ஷாகி தொலைக்காட்சியில் தஷ்னுவா அனான் ஷிஷிர் மூன்று நிமிடச் செய்தி வாசித்தார். இந்த வரிசையில் மகிழ்ச்சியோடு ஒரு வேதனையும் உண்டு. 2023 பிப்ரவரியில் லாகூரில் மார்வியா மாலிக்கை அவர் வீட்டருகே சுட்டார்கள், உயிர் தப்பினார். தெரிந்த முகமாக ஆவது எப்போதும் பாதுகாப்பு தராது, ஆபத்தையும் அழைத்து வரலாம் என்பதற்கு அதுவே சாட்சி. ஆகவே, ஒருவரைத் திரையில் உட்கார வைப்பதோடு நிலையத்தின் பொறுப்பு முடிந்துவிடாது. இரவு செய்தி முடிந்து அவர் வீட்டுக்கு எப்படிப் போகிறார் என்பதும் அந்தப் பொறுப்பில் அடங்கும்.

வாசிப்பவர் வெறுமனே பிறர் எழுதியதை வாசிக்கிறார், அதில் என்ன பெருமை என்று கேட்பவர்களும் உண்டு. ஆமாம், எழுதுகிறவர் வேறொருவர். ஆனால் பொய் என்று தெரிந்தால் ஊர் கோபித்துக்கொள்வது வாசித்தவரிடம்தான். 2023 மே மாதம் நம் நாட்டில் ஆஸ்ட்ரோ அவானி செயற்கை நுண்ணறிவு கொண்டு உருவாக்கிய இரண்டு வாசிப்பாளர்களை அறிமுகப்படுத்தியது. அந்த உருவங்கள் பிழையில்லாமல் வாசிக்கும். மறுநாள் சந்தையில் யாரும் அவற்றை நிறுத்தி, நேற்று நீங்கள் சொன்ன அந்தக் கணக்கு சரிதானா என்று கேட்க முடியாது.

கோவையில் நடந்ததற்கும் பேராக்கில் இருக்கிற நமக்கும் என்ன தொடர்பு என்று கேட்கலாம். நெருங்கிய தொடர்பு உண்டு. நாம் பார்க்கிற தமிழ்த் திரையில் பாதிக்கு மேல் தமிழ்நாட்டிலிருந்து வருவது. 'ஐ' போன்ற படங்களின் கேலி இங்கேயும் வந்து சேர்ந்தது. பத்மினியின் ஏழு மணிச் செய்தி வந்து சேரவில்லை. தோட்டங்கள் துண்டாடப்பட்டு, விற்கப்பட்டு, வீடமைப்பாக மாறியபோது லயங்களை விட்டு ஈப்போவைச் சுற்றிக் குடியேறிய குடும்பங்களிலும் திருநங்கைகள் பிறந்தார்கள், வளர்ந்தார்கள். அவர்களுக்கு இங்கே கேலியைத் தவிர வேறு உதாரணம் திரையில் கிடைக்கவில்லை. சட்டமும் ஒத்தாசையாக இல்லை. நம் அடையாள அட்டையின் கடைசி இலக்கம் ஆணுக்கு ஒற்றைப்படை, பெண்ணுக்கு இரட்டைப்படை. வேலைக்குப் போகும் இடத்தில், மருத்துவமனையில், வங்கியில், அந்த ஓர் இலக்கம் போதும்; வாயைத் திறக்காமலே எல்லா விளக்கத்தையும் அது கேட்டுவிடும். 2000களின் நடுவில் இதே ஈப்போவின் உயர் நீதிமன்றத்தில், அறுவை சிகிச்சை செய்துகொண்ட ஒருவர் தன் பதிவை மாற்றித் தரக் கேட்டார். சட்டத்தை மாற்றுவது நாடாளுமன்றத்தின் வேலை என்று நீதிமன்றம் மறுத்துவிட்டது. ஏறக்குறைய அதே காலத்தில் கோலாலம்பூர் உயர் நீதிமன்றம் வேறொரு வழக்கில் மாற்றித் தரச் சொன்னது. 2017இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் மறுப்பின் பக்கம் சாய்ந்தது. இந்திய உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பு போன்ற ஒன்று இங்கே இல்லை. நம்மிடம் அப்படி ஒரு சட்டம் வரட்டும், பிறகு திரையைப் பற்றிப் பேசலாம் என்று சிலர் சொல்லக்கூடும். கோவை அனுபவம் அந்த வரிசையை ஏற்கவில்லை. அங்கே தீர்ப்பு வந்து நான்கு மாதத்தில் ஒருவர் நாற்காலியில் உட்கார்ந்தார் என்பது உண்மை; ஆனால் 2008இல் ரோஸ் திரைக்கு வந்தபோது அந்தத் தீர்ப்பு கிடையாது. தமிழ்ச் செய்தி வாசிக்க ஒருவரைத் தேர்ந்தெடுக்க நாடாளுமன்றம் கூட வேண்டியதில்லை.

செய்யக்கூடியது இதுதான். இந்திய வானொலி 1950களில் இசைக் கலைஞர்களைத் தேர்ந்தெடுத்தபோது, நடுவர்கள் ஆளைப் பார்க்காமல் பாட்டை மட்டும் கேட்டு மதிப்பெண் போடும் முறையைக் கொண்டுவந்தது. பாடுகிறவர் யார், எந்தக் குடும்பம், எந்தக் குருவின் சீடர் என்ற பேச்சுக்கே அங்கு இடமில்லை. நம் தமிழ்ச் செய்திப் பிரிவுகளும் குரல் தேர்வை அப்படி நடத்தலாம். ஒரு பக்கச் செய்தி கொடுக்க வேண்டும். அதில் கோப்பேங் சாலையில் ஒரு விபத்து, வரவு செலவுத் திட்டத்தில் வரும் நாலைந்து பெரிய தொகைகள், மூன்று மலாய் ஊர்ப்பெயர்கள், ஒரு மரணச் செய்தி, இறுதியில் பந்து விளையாட்டு முடிவு. பதிவுகளுக்கு வரிசை எண் மட்டும் இருக்கட்டும். பெயரும் படமும் அடையாள அட்டை எண்ணும் மதிப்பெண் போட்டு முடியும்வரை நடுவர் கைக்குப் போகக்கூடாது. தொலைக்காட்சிக்கு முகமும் வேண்டும் என்றால், குரலில் தேறியவர்களுக்கு மட்டும் கேமரா தேர்வு வைக்கலாம். அங்கேயும் எதற்கு எத்தனை மதிப்பெண் என்பதை முன்கூட்டியே எழுதி வெளியிட வேண்டும். இதற்குப் பெரிய செலவில்லை. முதலிடம் பெற்ற வரிசை எண்ணுக்கு உரியவர் யாராக இருந்தாலும் வேலை அவருக்குத்தான் என்று தேர்வுக்கு முன்பே நிலையத் தலைவர் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும்.